ஒற்று

வூச் நகரத்துப் பழைய பஞ்சாலை ஒன்றின்
மூன்றாம் தளத்தில்
பதினோரு வருடமாக ஒரு தெரு இருக்கிறது.
அதற்கு வானம் கிடையாது.
மழை வேண்டுமென்றால்
போகுஷ் ஏணியேறிக் குழாயைத் திறப்பான்.

அந்தத் தெருவின் ரொட்டிக்கடையில்
மாவு பிசைகிறவன் வித்தோல்ட்.
வித்தோல்ட் போலீஸ்காரன்.
அவன் மனைவிக்கு இது தெரியாது.
இப்போது கதை எழுதுகிறவர்களுக்கும் தெரியாது.

என் வேலை ஞாபகம் வைத்திருப்பது.
கோப்பை எந்தக் கையில் இருந்தது,
மெழுகுவத்தி எதுவரை எரிந்திருந்தது,
அழுதவள் எந்தக் கண்ணை முதலில் துடைத்தாள்.
சம்பளம் இதற்குத்தான்.

முப்பத்தொன்றாம் பகுதி:
கிழக்கெல்லை தாண்டி வரும் சிகரெட் பெட்டிகள்
இந்தக் கடையின் மாவு மூட்டைக்குள் ஒளிகின்றன.
மோப்பம் பிடிக்க ஒருவனை அனுப்புகிறார்கள்.
கொட்டும் மழையில், அதாவது போகுஷின் மழையில்,
டிராம் நிறுத்தத்தில் நின்று
கைபேசியில் தன் நிஜப் பெயரைச் சொல்கிறான்: லெஷெக்.
ஒரே ஒரு முறை.
கேட்டவர் மேலதிகாரி.
உயிரோடிருக்கிறாய் என்று நான் எப்படி அறிவது என்றார்.
வெள்ளிக்கிழமைதோறும்
ஜன்னலோரக் கசகசா டப்பாவை
பெயர் சுவரைப் பார்க்கத் திருப்பி வை என்றார்.

பிறகு
கடத்தல்காரன் வேறு சேனலுக்குப் போய் டாக்டரானான்.
கதாசிரியர்கள் மூன்று முறை மாறினார்கள்.
மேலதிகாரியாக நடித்தவர் ஒரு ஜனவரியில்
நிஜமாகவே செத்துப்போனார்.
கதையில் அவருக்கு ஒரு வரி இரங்கல்கூட விழவில்லை.
போதும், வேஷத்தைக் கலை, வீட்டுக்கு வா
என்று சொல்ல
யாரும் மிச்சமில்லை.

வித்தோல்ட் கல்யாணம் செய்துகொண்டான்.
மகள் பிறந்தாள்; மறு வருடமே,
கோடை விடுமுறை முடிந்து வரும்போது
அவளுக்கு எட்டு வயதாகியிருந்தது.
புது எழுத்தாளர்கள் அவனுக்குக் கடன் கொடுத்தார்கள்,
முதுகுவலி கொடுத்தார்கள்,
மச்சினி மேல் ஒரு சபலம் கொடுத்து
மூன்றே வாரத்தில் பிடுங்கிக்கொண்டார்கள்.
டிராமில் பெண்கள் டிமோனை நிறுத்தி
உங்களுக்கு நிஜமாகவே ரொட்டி சுடத் தெரியுமா என்கிறார்கள்.
இப்போது தெரியும்.

ஒருநாள் கேன்டீனில் கேட்டான்:
ஹல்ஷ்கா, நான் இன்னும் போலீஸா?
பீட்ரூட் சூப் ஆறிக்கொண்டிருந்தது.
கோப்பைப் புரட்டாமலே சொன்னேன்,
ராஜினாமா செய்ததாக எங்கும் இல்லை.
அவன் சிரிக்கவில்லை.
முதுகுதான் கொஞ்சம் நிமிர்ந்தது,
எழுத்தாளர்கள் கொடுத்த வலியையும் மீறி.

அதற்குப் பிறகா, முன்பேயா,
எனக்கே இதில் குறிப்பில்லை,
வெள்ளிக்கிழமைக் காட்சிகளில்
இரண்டு சொல்லுக்கு நடுவே
கூப்பிடாமல் வந்து உட்காரும் ஒற்றைப் போல
அவன் கை போகும்.
டப்பா திரும்பும்.
பார்ப்பதற்கு அந்தப் பக்கம் ஆளில்லை.

அது பிழை. முந்தைய ஷாட்டில் டப்பா நேராக இருந்தது.
பிடிக்க வேண்டியவள் நான்.
தாளில் எழுதினேன்: கசகசா டப்பா, சரி.
எத்தனை வெள்ளிகள்.
சரி. சரி. சரி.

போன வாரம் மகளின் முதல் நற்கருணை.
மூன்று டேக் ஆகியும்
டப்பா அறையைப் பார்த்தபடியே நின்றது.
அவளுடைய வெள்ளைக் கவுனில் மாவு ஒட்டாமல்
எந்தப் பக்கம் குனிந்து முத்தமிடுவதென்று
வழி தேடிக்கொண்டிருந்தான் அவன்,
வேறு வேலையே இல்லாதவன் போல.

விளக்கை மாற்றும் இடைவெளியில்
தரையில் ஒட்டிய மஞ்சள் நாடாவைத் தாண்டினேன்.
பதினோரு வருடத்தில் முதல் முறை.
கேட்டால் தூசி தட்டினேன் என்பேன்.
தகரம் சில்லென்றிருந்தது.
உள்ளே கசகசா இல்லை, யாரோ மிட்டாய் உறைகளைப் போட்டிருந்தார்கள்.
திருப்பி வைத்தேன்.

நான்காவது டேக்.
பார்த்துவிட்டான்.
மாவுக்கை அந்தரத்தில் நிற்க
மகளுக்குச் சொல்ல வேண்டிய வசனம் அவனுக்கு வரவில்லை.
இயக்குநர் கத்தினார்: அபாரம்!
அப்பனுக்குத் தொண்டை அடைக்கிறது பார்,
இதையே வைத்துக்கொள்வோம்.

எழுதினேன்:
டப்பா, சரி.
வசனம், இல்லை.